இல்லத்தில் தேன் வெண்ணெய்

வெண்ணெயும் தேனும் நம் நாட்டில் தொன்றுதொட்டு வழங்கிவரும் இரு நல்லுணவுகள். இவ்விரண்டையும் தக்க அளவில் சேர்த்து, காற்றுப் புகும்படி நன்றாகக் கடைந்தெடுத்தால், வெண்ணெயினும் மென்மையாகவும் தேனினும் அடக்கமான இனிப்புடனும் புதியதொரு பண்டம் கிடைக்கிறது. மேனாடுகளில் இதனை ரொட்டியின்மீது தடவி உண்கின்றனர். மயிலாப்பூர், தியாகராயநகர், அடையாறு ஆகிய பகுதிகளில் காலைச் சிற்றுண்டியில் ரொட்டிக்கும் ஓர் இடம் கிடைத்துவிட்டபடியால், இதனை வீட்டிலேயே செய்யலாகுமா என்று உறுப்பினர்களின் இல்லத்தார் பலர் நம்மை வினவுகின்றனர். செய்யலாம். அதற்குத் தேவைப்படும் திறமை சிறிது. பொறுமையும் கவனமும் சற்று மிகுதி.

கூட்டுறவு இதழில் சமையற்குறிப்புக்கு என்ன வேலை என்று சில அன்பர்கள் கேட்கக்கூடும். வெண்ணெய் பால் உற்பத்தியாளர் சங்கங்களிலிருந்து வருகிறது. தேன் தேனீ வளர்ப்போரிடமிருந்து வருகிறது. வெண்ணெயைப் பிழிந்து நீர் நீக்க உதவும் மெல்லிய துணி நெசவாளர் தறியிலிருந்து வருகிறது. மூன்று தொழிலாரின் உழைப்பு ஒரே கிண்ணத்தில் கூடுவதால், இது நம் இதழுக்கு அயலான பொருளன்று. அன்றியும், நகரத்தார் பழுதென்று ஒதுக்குகின்ற நல்ல தேன் ஒன்று உண்டு. அந்தத் தேனுக்கு உகந்த பயன் இப்பண்டத்திலேயே இருக்கிறது என்பதை எடுத்துக்காட்டுவதே இக்கட்டுரையின் முதன்மை நோக்கமாகும்.

பண்டம் புதிது, பழக்கம் பழையது

அடைக்கு வெண்ணெயும் வெல்லமும் வைத்து உண்பது தமிழர் இல்லங்களில் நெடுநாளைய வழக்கம். வெண்ணெயின் கொழுப்பும் வெல்லத்தின் இனிப்பும் ஒன்றையொன்று தாங்கி நிற்பதை நம் பாட்டிமார் நன்கறிவர். தினைமாவில் தேன் கலந்து முருகனுக்குப் படைக்கிறோம். பழநிப் பஞ்சாமிர்தத்திலும் தேன் சேருகிறது. ஆகவே தேன் வெண்ணெயை மேனாட்டுப் பண்டம் என்று விலக்க வேண்டுவதில்லை. ரொட்டிக்கு மட்டுமன்றி, அடை, சப்பாத்தி, கோதுமைத் தோசை, வேகவைத்த சர்க்கரைவள்ளிக் கிழங்கு ஆகியவற்றுக்கும் இது மிகப் பொருத்தமானது. சூடான அடையின்மீது ஒரு கரண்டி வைத்தால், வெண்ணெய் உருகி ஓடுமுன்பே தேனின் மணம் எழுந்துவிடும்.

வெண்ணெயைத் தேர்தல்

சென்னை நகரத்தார்க்கு வெண்ணெய் கிடைக்கும் வழிகள் இரண்டு. ஒன்று, கடையில் வாங்குவது. மற்றொன்று, வீட்டுப் பாலேட்டைச் சேர்த்துக் கடைந்தெடுப்பது.

தமிழ்நாடு கூட்டுறவு பால் உற்பத்தியாளர்கள் இணையம் 1981-ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்கள் முதல் நாளன்று அரசுக் கழகத்திடமிருந்து பொறுப்பேற்றது. அது முதல் ‘ஆவின்’ என்ற பெயர் நகரத்தின் ஒவ்வொரு தெருவிலும் வழங்கி வருகிறது. உப்பிட்ட வெண்ணெய், உப்பிடாத சமையல் வெண்ணெய் என இரு வகையையும் இணையம் விற்பனை செய்கிறது. தேன் வெண்ணெய்க்கு உப்பிடாத வகையே சிறந்தது. உப்பு வேண்டிய அளவு நாமே சேர்த்துக்கொள்ளலாம். வெண்ணெய் என்று விற்கப்படும் பொருளில் பால்கொழுப்பு 80 விழுக்காட்டுக்குக் குறையாமலும், நீர் 16 விழுக்காட்டுக்கு மிகாமலும் இருக்கவேண்டும் என்பது உணவுப் பாதுகாப்பு விதி. இந்த நீர்க்கணக்கை வாசகர்கள் நினைவில் வைத்தல் நன்று, பின்னர் உதவும்.

வீட்டிலேயே வெண்ணெய் எடுப்போர் ஒரு கணக்கை அறிந்திருக்க வேண்டும். 250 கிராம் வெண்ணெயில் குறைந்தது 200 கிராம் கொழுப்பு அடங்கியுள்ளது. 6 விழுக்காடு கொழுப்புள்ள பால் ஒரு லிட்டரில் சுமார் 60 கிராம் கொழுப்பு உண்டு. எனவே கொழுப்பு சிறிதும் வீணாகாமல் எடுத்தாலும் மூன்றேகால் லிட்டருக்கு மேல் பால் வேண்டும். ஏட்டை மட்டும் எடுப்பதாயின் இதனினும் மிகுதியாகவே தேவைப்படும். சில உறைப்பால் வகைகளில் கொழுப்பு நுண்துளிகளாக உடைக்கப்பட்டிருப்பதால், காய்ச்சினாலும் ஏடு குறைவாகவே படியும். அப்பாலை வைத்துக்கொண்டு வெண்ணெய் வரவில்லையே என்று வருந்துவதில் பயனில்லை.

ஏட்டை நாள்தோறும் எடுத்துக் குளிர்ப்பெட்டியில் சேர்த்து, பின்னர் ஒரு கரண்டித் தயிரிட்டு உறையவைத்து, குளிர்ந்த நீர் விட்டுக் கடைய வேண்டும். திரண்ட வெண்ணெயைக் குளிர்ந்த நீரில் இரண்டு மூன்று முறை கழுவி, கழுவிய நீர் தெளிவாக வரும்வரை விடாது செய்க. வெண்ணெயில் மோர் தங்கினால் அது விரைவில் புளித்துப்போகும்.

கழுவிய வெண்ணெயை மெல்லிய பருத்தி மல் துணியில் முடிந்து மெதுவாகப் பிழிந்து, அரை மணி நேரம் குளிர்ப்பெட்டியில் தொங்கவிட்டால் மிகுந்திருக்கும் நீர் வடியும். இங்கு நெசவாளர் அறிந்த செய்தி ஒன்றை இல்லத்தரசிகளுக்குச் சொல்ல வேண்டும். புதிய கைத்தறித் துணியில் பாவுக்கு இட்ட கஞ்சி தங்கியிருக்கும். சாயமிடாத வெள்ளைத் துணியாகப் பார்த்து எடுத்து, கொதிநீரில் இருமுறை அலசிக் கஞ்சியைப் போக்கி, வெயிலில் உலர்த்திய பின்னரே வெண்ணெய்க்குப் பயன்படுத்துதல் வேண்டும். சோப்பு மணம் தங்கிய துணியும் ஆகாது. வெண்ணெய் அயல்மணத்தை எளிதில் பற்றிக்கொள்ளும்.

தேனைத் தேர்தல்

இனி, நாம் மிகுதியாகப் பேச வேண்டிய பகுதிக்கு வருகிறோம்.

தென்சென்னையிலுள்ள ஒரு பண்டகசாலையில் நாம் இருப்புச் சரிபார்த்தபோது, ‘பழுதானவை’ என்ற தலைப்பின்கீழ்த் தேன் புட்டிகள் பல எழுதப்பட்டிருக்கக் கண்டோம். காரணம் கேட்டோம். புட்டியின் அடியில் சர்க்கரை படிந்திருப்பதாகக் கூறி வாடிக்கையாளர்கள் திருப்பித் தந்துவிட்டனர் என்றும், அவற்றைத் தள்ளுபடி செய்ய அனுமதி வேண்டும் என்றும் பதில் வந்தது. புட்டி ஒன்றைத் திறந்து பார்த்தோம். புளிப்பு மணம் இல்லை, நுரை இல்லை, சுவையும் மாறவில்லை. தேன் உறைந்திருந்தது, அவ்வளவே.

தேன் ஏன் உறைகிறது? தேனில் பெரும்பகுதி குளுக்கோஸ், புருக்டோஸ் என்ற இரு சர்க்கரைகள். இவற்றுள் குளுக்கோஸ் நீரில் கரைவது குறைவு. ஆதலால் அது மெல்ல மெல்லப் பளிங்குத் துகள்களாகப் பிரிந்து அடியில் படிகிறது. குளுக்கோஸ் மிகுந்த தேன் விரைவில் உறையும். குறைந்த தேன் நெடுநாள் நீர்மமாக இருக்கும். தேனின் தன்மை அத்தேன் எந்தச் செடியிலிருந்து வந்தது என்பதைப் பொறுத்தது. கன்னியாகுமரி மாவட்டத்தில் ரப்பர் மரங்களிலிருந்து கிடைக்கும் தேன் விரைவில் உறையும் இயல்புடையது. ரப்பர் மரத்தில் இத்தேன் பூவிலிருந்து வருவதன்று. இலையுதிர்ந்து புதுத்தளிர் விடும் தை, மாசி, பங்குனி மாதங்களில் இலைக்காம்பின் நுனியிலுள்ள சுரப்பிகளில் ஊறும் இனிய நீரைத் தேனீக்கள் திரட்டுகின்றன. நம் மாநிலத்துப் பெட்டித்தேனில் இதற்குப் பெரும்பங்கு உண்டு.

ஆகவே உறைதல் தேனின் குற்றமன்று, இயல்பு. அதே வேளையில், உறைந்தது என்பதனாலேயே அத்தேன் தூயது என்று முடிவு கட்டுவதும் சரியன்று. நீரில் சொட்டிப் பார்ப்பது, தீக்குச்சியைத் தோய்த்துக் கொளுத்திப் பார்ப்பது, மைத்தாளில் தடவிப் பார்ப்பது ஆகிய வீட்டுச் சோதனைகளும் இக்காலத்துக் கலப்படத்தை வெளிப்படுத்த வல்லவையல்ல. டெல்லியிலுள்ள அறிவியல் மற்றும் சுற்றுச்சூழல் மையம் 2020-ஆம் ஆண்டு டிசம்பரில் ஓர் ஆய்வை வெளியிட்டது. அதில் சோதிக்கப்பட்ட 22 மாதிரிகளுள் 17-இல் சர்க்கரைப் பாகுக் கலப்பு இருந்ததாகக் கூறப்பட்டது. வழக்கமான ஆய்வுக்கூடச் சோதனைகளைக் கடந்துவிடும் வகையில் பாகு தயாரிக்கப்படுவதாகவும் அம்மையம் கூறியது. நிறுவனங்கள் இதனை மறுத்தன. ஆய்வுக்கூடமே தடுமாறும் இடத்தில் தீக்குச்சி என்ன செய்யும்? தேன் எங்கிருந்து வந்தது, யார் திரட்டினர், யார் பொறுப்பேற்கின்றனர் என்று தெரிந்து வாங்குவதே நுகர்வோர்க்கு உள்ள நம்பகமான காப்பு. புட்டியின்மேல் உற்பத்தியாளர் பெயர், 14 இலக்க உணவு உரிம எண், அடைத்த நாள் ஆகியவை உள்ளனவா என்று பார்க்க வேண்டும்.

தேன் வெண்ணெய்க்கு இவ்வுறைந்த தேன் ஏன் சிறந்தது என்பதற்கும் காரணம் உண்டு. வெண்ணெய் என்பது கொழுப்பினுள் நுண்ணிய நீர்த்துளிகள் சிதறி நிற்கும் ஒரு கலவை. அதில் ஏற்கெனவே நூற்றுக்குப் பதினாறு பங்குவரை நீர் உண்டு. நீர்த்த தேனை ஊற்றினால், கொழுப்பு அதனைத் தாங்க இயலாமல் அடியில் கசியவிடுகிறது. ஒரு லிட்டர் தேன் சுமார் 1.4 கிலோ எடையுள்ளதாகையால், பிரிந்த தேன் விரைந்து கீழிறங்கும். உறைந்த தேனோ குழம்பு போல் நின்று, கொழுப்போடு எளிதில் இழைகிறது, கசிவதும் குறைவு. தேனில் ஈரம் 20 விழுக்காட்டுக்கு மிகலாகாது என்பது விதி. நீர் மிகுந்த தேன் புளிக்கவும் கூடும். ஆகையால் உறைந்த தேனானாலும், நுரைத்துப் புளிப்பு மணம் வீசுமாயின் அதனை விலக்குக.

உறைந்த தேனின் துகள்கள் பருமனாக இருந்தால் நாவில் நறநறக்கும். கரண்டியின் பின்புறத்தால் தட்டில் வைத்துத் தேய்த்து நுண்மையாக்கிக்கொள்ள வேண்டும். உருக்க வேண்டும் என்று அடுப்பில் வைப்பது தவறு. மிகுந்த சூட்டில் தேனின் மணமும் குணமும் கெடும்.

வேண்டும் பொருள்கள்

நால்வர் உள்ள குடும்பத்துக்குப் பின்வரும் அளவு போதுமானது.

உப்பிடாத வெண்ணெய் 250 கிராம்.

உறைந்த தேன் சுமார் 80 கிராம்; அதாவது மேசைக்கரண்டியால் மட்டமாக நான்கு.

தூள் உப்பு கால் தேக்கரண்டி. உப்பிட்ட வெண்ணெயாயின் இது வேண்டா.

விரும்புவோர் ஏலப்பொடி ஒரு சிட்டிகை அல்லது சுக்குப்பொடி ஒரு சிட்டிகை சேர்க்கலாம். இரண்டையும் ஒருங்கே சேர்த்தால் தேனின் மணம் அமுங்கிவிடும்.

கருவிகள்: அகலமும் ஆழமும் உள்ள எவர்சில்வர் பாத்திரம் ஒன்று, அதைவிடப் பெரிய, குளிர்ந்த நீர் நிரப்பிய பாத்திரம் ஒன்று, மரக்கரண்டி, முட்டை அடிக்கப் பயன்படும் கம்பிக் கருவி அல்லது மின்சாரத்தால் சுழலும் பீட்டர். இவையில்லாதோர் சிறு மத்தைக் கொண்டு குறுகிய பாத்திரத்தில் கடையலாம். மிக்ஸியைப் பயன்படுத்துவதாயின், சாடியைக் குளிரவைத்துச் சில நொடிகளே ஓட்டி ஓட்டி நிறுத்த வேண்டும். தொடர்ந்து ஓட்டினால் அலகின் சூட்டில் வெண்ணெய் உருகிவிடும்.

செய்முறை

முதலாவதாக, வெண்ணெயைக் குளிர்ப்பெட்டியிலிருந்து எடுத்துச் சிறு துண்டுகளாக நறுக்கிப் பாத்திரத்தில் பரப்புக. விரலால் அழுத்தினால் பள்ளம் விழ வேண்டும்; ஆனால் விரலில் எண்ணெய் மினுக்கக் கூடாது. இதுவே சரியான பதம். ஏறத்தாழ 18 முதல் 20 டிகிரி செல்சியஸ் வெப்பநிலையில் வெண்ணெய் இப்பதத்தில் இருக்கும்.

இரண்டாவதாக, வெண்ணெயை மட்டும் தனியே மரக்கரண்டியால் மசித்து, பின்னர்க் கம்பிக் கருவியால் அடிக்க வேண்டும். மின்கருவியாயின் நான்கைந்து நிமிடம்; கையாலாயின் பத்து நிமிடத்துக்கு மேலும் ஆகலாம். மஞ்சள் நிறம் வெளிறி, பாத்திரத்தில் வெண்ணெயின் மட்டம் கண்கூடாக உயரும். கொழுப்பிலுள்ள நுண்ணிய பளிங்குகள் காற்றுக் குமிழிகளைச் சூழ்ந்து பிடித்துக்கொள்வதனால் ஏற்படும் மாறுதல் இது. தேனை முன்னதாகவே கொட்டிவிட்டால் காற்றுப் புகுவது குறையும். எனவே வெண்ணெய் வெளிறும்வரை தேனைத் தொட வேண்டா.

மூன்றாவதாக, உப்பைத் தூவி, தேனை மூன்று பங்காக்கி ஒவ்வொன்றாகச் சேர்த்து அடிக்க வேண்டும். முதற்பங்கு முழுதும் மறைந்த பின்னரே அடுத்ததைச் சேர்த்தல் வேண்டும். பாத்திரத்தின் ஓரங்களிலும் அடியிலும் ஒட்டியிருப்பதை மரக்கரண்டியால் வழித்து நடுவில் தள்ளுக. மூன்றாம் பங்கு சேர்ந்தபின் இரண்டு மூன்று நிமிடம் அடித்தால் போதும்.

நான்காவதாக, ஒரு கரண்டியளவு எடுத்துத் தட்டில் வைத்துப் பார்க்க வேண்டும். மேடாக நின்றால் பதம் சரி. பரவினால் வெண்ணெய் இளகிவிட்டது என்று பொருள். பாத்திரத்தைக் குளிர்ந்த நீரில் பத்து நிமிடம் நிறுத்தி மறுபடியும் அடித்தால் பெரும்பாலும் சரியாகிவிடும். மேடாக நின்றும் அடியில் தேன் கசிந்தால், தேன் நீர்த்தது என்று அறிக. அத்தகைய தேனை அடுத்த முறை ஒரு கரண்டி குறைத்துக்கொள்ள வேண்டும்.

சென்னை வெப்பத்துக்கு உபாயம்

மேனாட்டுக் குறிப்புகளில் வெண்ணெயை அறையின் வெப்பத்தில் சில மணி நேரம் வைக்கும்படி எழுதியிருப்பார்கள். அவர்கள் அறை வேறு. நம் அறை வேறு. பால்கொழுப்பு 35 டிகிரியை எட்டுமுன் பெரும்பாலும் உருகிவிடும். சித்திரை, வைகாசியில் நம் சமையலறை அந்த அளவை எளிதில் எட்டும். உருகிய வெண்ணெயில் காற்று நில்லாது. தேனும் கீழே இறங்கிவிடும்.

ஆகவே கோடையில் இதனைக் காலை ஆறு மணிக்குள், அடுப்பு மூட்டுமுன் செய்தல் நன்று. குளிர்ப்பெட்டியிலிருந்து எடுத்த வெண்ணெய் பத்துப் பதினைந்து நிமிடத்தில் பதமாகிவிடும். மண்பானை நீர் உதவும் என்றாலும், கடற்கரை நகரமாகிய சென்னையின் காற்றில் ஈரம் மிகுதியாதலால், உள்நாட்டு ஊர்களைப்போல் இங்குப் பானை நீர் நன்கு குளிர்வதில்லை. எனவே அடிப்பாத்திர நீரில் பனிக்கட்டி ஐந்தாறு இடுதல் வேண்டும். மின்விசிறி நம் வியர்வையை ஆற்றுமேயன்றி வெண்ணெயைக் குளிர்விக்காது. மார்கழி, தை மாதங்களின் விடியற்காலையில் இவ்வுபாயம் எதுவும் வேண்டுவதில்லை. வெண்ணெய் தானாகவே பதத்துக்கு வந்து நிற்கும்.

வைத்திருக்கும் முறை

நம் வீடுகளில் வெண்ணெயை நீரில் இட்டு, நாள்தோறும் நீர் மாற்றிப் பாதுகாப்பது பழைய முறை. தேன் வெண்ணெய்க்கு இம்முறை ஆகாது. தேன் நீரில் கரைந்து வெளியேறிவிடும். உலர்ந்த கண்ணாடிக் கிண்ணத்திலோ மூடியுள்ள எவர்சில்வர் டப்பாவிலோ அழுத்தி நிரப்பி, குளிர்ப்பெட்டியில் வைக்க வேண்டும். வீட்டு வெண்ணெயில் செய்தது ஒரு வாரத்துக்குள்ளும், கடை வெண்ணெயில் செய்தது இரண்டு வாரத்துக்குள்ளும் தீர்ந்துவிடுதல் நலம். ஈரக்கரண்டி படக் கூடாது. வெங்காயம், மீன் முதலியவற்றின் அருகே மூடாமல் வைத்தலும் ஆகாது.

மேலே சொன்ன அளவில் சுமார் 330 கிராம் கிடைக்கும். நால்வரும் நாளொன்றுக்குப் பத்துப் பத்துக் கிராம் உண்டால் எட்டு நாளில் தீரும். கடை வெண்ணெயாயின் ஒருமுறை செய்தது கெடுமுன்பே செலவாகிவிடும். வீட்டு வெண்ணெயாயின் அளவைச் சற்றுக் குறைத்துக்கொள்ளலாம்.

சில ஐயங்கள்

தேனும் நெய்யும் சேர்ந்தால் நஞ்சாகும் என்பார்களே என்று மயிலாப்பூரில் மூத்த தாய்மார் ஒருவர் நம்மிடம் கேட்டார். கேட்க வேண்டிய கேள்விதான். நம் பழைய வைத்திய நூல்கள் தேனையும் நெய்யையும் சம எடையில் சேர்ப்பதையே விலக்குகின்றன. நாம் கூறிய அளவில் வெண்ணெய் மூன்று பங்குக்கு மேல். தேன் ஒரு பங்கு. ஆகவே அம்மரபைப் போற்றுவோர்க்கும் இதில் தடையில்லை. தேனைச் சூடாக்கலாகாது என்பதும் அந்நூல்களின் விதியே. நம் செய்முறையிலும் தேனுக்கு நெருப்பில்லை.

ஒரு வயது நிரம்பாத குழந்தைகளுக்குத் தேனோ தேன் வெண்ணெயோ சிறிதும் கொடுத்தலாகாது. பிறந்த குழந்தையின் நாவில் தேன் தடவும் வழக்கம் சில இல்லங்களில் இன்னும் இருப்பதால் இதனை வற்புறுத்திச் சொல்கிறோம். தேனில் சிலவேளை தங்கியிருக்கும் ஒருவகை நுண்ணுயிர் வித்துகள் பெரியோரை ஒன்றும் செய்வதில்லை. ஆனால் சிசுவின் குடலில் அவை முளைத்து, தசைகளைச் செயலிழக்கச் செய்யும் கொடிய நஞ்சை உண்டாக்கக்கூடும்.

நீரிழிவு நோயாளர் தேனும் சர்க்கரையே என்பதை மறத்தலாகாது. மற்றையோர்க்கும் அளவு வேண்டும். 100 கிராம் வெண்ணெயில் சுமார் 720 கிலோகலோரியும், 100 கிராம் தேனில் சுமார் 300 கிலோகலோரியும் உள்ளன. வயலிலும் தறியிலும் உழைப்போர்க்கும், மேசைமுன் அமர்ந்திருப்போர்க்கும் ஒரே அளவு பொருந்தாது.

சங்கங்களின் பங்கு

உறைந்த தேன் ஒரு புட்டி திரும்பி வந்தால் அது யாரைத் தாக்குகிறது என்பதையும் உறுப்பினர்கள் எண்ணிப் பார்க்க வேண்டும். இதற்குக் கன்னியாகுமரி மாவட்டத்து மார்த்தாண்டத்தின் வரலாறு சான்றாகும்.

அவ்வூர் திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்த காலத்தில், இளைஞர் கிறித்தவ சங்கத்தின் கிராமப் புனரமைப்பு நிலையத்தில் அமெரிக்கரான ஸ்பென்சர் ஹாட்ச் என்பார் பணிபுரிந்தார். பெட்டியில் தேனீ வளர்க்கும் தொழில் ஏழைக் குடும்பங்களுக்குத் துணைத்தொழிலாக அங்குக் கற்பிக்கப்பட்டது. 1937-ஆம் ஆண்டில் மார்த்தாண்டம் தேனீ வளர்ப்போர் கூட்டுறவுச் சங்கம் தோன்றியது. தனித்தனியே விற்றால் வணிகர் சொன்ன விலைக்கே கொடுக்க வேண்டியிருந்தோர், ஒன்றாகத் திரட்டி, வடிகட்டிப் பதப்படுத்தி, ஒரே பெயரில் விற்கத் தொடங்கினர். 1991-92-ஆம் ஆண்டுகளில் ‘தாய் சாக்புரூட்’ என்னும் வைரஸ் நோய் தென்னாட்டில் பரவி, அடுக்குத் தேனீக் கூட்டங்களின் பெரும்பகுதியை அழித்தது. பெட்டிகள் வெறுமையாயின. நோயைத் தாங்கிய கூட்டங்களைப் பெருக்கித் தொழிலை மீண்டும் நிலைநாட்டப் பல ஆண்டுகள் ஆயின. மார்த்தாண்டம் தேனுக்கு 2023-ஆம் ஆண்டில் புவிசார் குறியீடும் கிடைத்தது.

நோய்க்குத் தப்பிய தொழில் நுகர்வோரின் தவறான எண்ணத்தால் நலியலாமா? ‘உறைந்தால் போலி’ என்று நகரம் தீர்ப்பளித்தால், வணிகர் உறையாத பொருளையே கேட்பார். உறையாதிருக்கும்படி தேனை மிகைச்சூட்டில் காய்ச்சுவோர்க்கும் பாகு கலப்போர்க்கும் அது வசதியாக முடியும். நேர்மையாக உழைத்தவர் புட்டியோ பழுதுப் பட்டியலில் ஏறும். பண்டகசாலையில் அது தள்ளுபடியானால் இலாபம் குறையும். உறுப்பினர்க்குரிய பங்காதாயத்திலும் அக்குறைவு தெரியும்.

உற்பத்தியாளர் தம் பொருளின் தரத்துக்குத் தாமே பொறுப்பேற்றால் சந்தை தானே தேடிவரும் என்பதற்கு டென்மார்க் நாட்டு வெண்ணெயே எடுத்துக்காட்டு. 1882-ஆம் ஆண்டில் அந்நாட்டின் ஹயெடிங் என்னும் சிற்றூரில் உழவர்கள் முதற் கூட்டுறவுப் பாற்பண்ணையைத் தொடங்கினர். அதனைப் பின்பற்றி நாடெங்கும் பண்ணைகள் எழுந்தன. பொது முத்திரையிட்ட அவர்கள் வெண்ணெய் இங்கிலாந்துச் சந்தையில் நன்மதிப்புப் பெற்றது. நம் நாட்டில் 1946-இல் கெய்ரா மாவட்டத்துப் பால் உற்பத்தியாளர்கள் ஒன்றுகூடியதும் இவ்வழியிலேயே. பாலுக்கும் வெண்ணெய்க்கும் கிடைத்த அந்நம்பிக்கையைத் தேனுக்கும் பெற்றுத் தருவது நம் கடமை.

முன்னர்க் கூறிய பண்டகசாலையில் நாம் செய்தது இதுதான். புட்டி ஒன்றை விலைகொடுத்து வாங்கி, மயிலாப்பூரில் உறுப்பினர் ஒருவர் இல்லத்தில், அண்டை வீட்டுத் தாய்மார் முன்னிலையில் தேன் வெண்ணெய் செய்யச் செய்தோம். அடையோடு உண்டு பார்த்த பின்னர், உறைந்த தேன் கெட்டதென்று அவர்களுள் ஒருவரும் சொல்லவில்லை. திறக்கப்படாத மற்றப் புட்டிகளும் பரிசீலிக்கப்பட்டுத் தள்ளுபடிப் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டன. ‘உறைந்த தேன் பழுதன்று, தேன் வெண்ணெய்க்கு ஏற்றது’ என்று எழுதிய அட்டையுடன் அவை விற்பனைக்கு வைக்கப்பட்டன. அடுத்த ஆய்வின்போது அவற்றுள் பெரும்பாலானவை விலைபோயிருந்தன.

இதனை எல்லாப் பண்டகசாலைகளும் மேற்கொள்ளலாம். 1904-ஆம் ஆண்டில் திருவல்லிக்கேணியில் தோன்றிய நகரக் கூட்டுறவுச் சங்கம் முதலாக, இந்நகரில் கூட்டுறவு விற்பனைக்கு நூற்றாண்டு கடந்த மரபு உண்டு. அத்தகைய நிலையங்களில் வெண்ணெயும் தேனும் மல் துணியும் அருகருகே வைக்கப்பட்டு, செய்முறை அச்சிட்ட சிறு தாள் ஒன்றும் இலவசமாக வழங்கப்படுமாயின், மூன்று தொழிலார்க்கும் ஆதாயம் உண்டு. மலைப்பகுதிகளில் தேன் திரட்டும் பழங்குடியினர் கூட்டுறவுச் சங்கங்களின் தேனுக்கும் அங்கே இடம் தரலாம். மகளிர் குழுக்கள் தேன் வெண்ணெயைச் செய்து விற்க விரும்பினால், உணவுப் பாதுகாப்புத் துறையில் முறைப்படி பதிவு செய்து, குளிர்ப்பெட்டி வசதியையும் அமைத்துக்கொண்ட பின்னரே தொடங்க வேண்டும். குளிர்ச்சியின்றிச் சென்னை வெயிலில் இதனைக் கூடையில் எடுத்துச் செல்ல இயலாது.

தோட்டமும் தோப்பும் உடைய விவசாய உறுப்பினர்கள் பெட்டித்தேனீ வளர்ப்பை மேற்கொள்ளலாம். அயல் மகரந்தச் சேர்க்கையை வேண்டும் பயிர்களில் தேனீக்கள் இருந்தால் காய்ப்பு மிகும். தேன் கிடைப்பது அதற்கு மேலான வரவு. அவர்கள் தம் தேன் எப்போது உறையும், ஏன் உறையும் என்பதை வாங்குவோர்க்கு முன்கூட்டியே சொல்லிவிடுவது நலம். சொல்லி விற்ற பொருளுக்குப் பின்னர்ச் சண்டை இல்லை.

இல்லத்தரசிகளுக்கு நாம் வேண்டிக்கொள்வது ஒன்றே. அலமாரியில் உறைந்த தேன் புட்டி இருக்குமாயின் அதனை எறிந்துவிடாதீர்கள். கடைக்கும் திருப்பி அனுப்பாதீர்கள். முகர்ந்து பாருங்கள். புளிப்பு இல்லையாயின், நாளைக் காலையிலேயே கால் கிலோ வெண்ணெயை வாங்கிவந்து கடையத் தொடங்குங்கள். வீட்டில் பிள்ளைகள் விரும்பியுண்ணும் பண்டம் ஒன்று கிடைக்கும். தொலைவிலுள்ள தேனீ வளர்ப்போர் குடும்பம் ஒன்றின் உழைப்பும் வீணாகாது.